மழையில் நனைந்தாலும் ஷாக் அடிக்காத கிறிஸ்துமஸ் நட்சத்திரம்... வீட்டிலேயே செய்வது எப்படி?

கேள்வி: “வருஷாவருஷம் கிறிஸ்துமஸுக்குக் கடையில் காகித நட்சத்திரம் வாங்கி, வாசலில் விளக்குப் போட்டுத் தொங்கவிடுவோம். இரண்டு மழைக்குள் கிழிந்துவிடும். போன வருஷம் மழை விட்ட பிறகு, சீரியல் செட் சுற்றியிருந்த திண்ணைக் கம்பியைத் தொட்ட என் மகளுக்கு ‘சுர்’ என்று ஷாக் அடித்தது. நல்லவேளை, கையை உதறிவிட்டாள். அன்றிலிருந்து வெளியில் விளக்கே வேண்டாம் என்கிறார் மாமியார். பிள்ளைகளோ விடுவதாக இல்லை. பயமில்லாமல் நாங்களே செய்ய வழி உண்டா?”

*– ஒரு வாசகி, சாத்தான்குளம், தூத்துக்குடி மாவட்டம்.*

பதில்: வழி உண்டு. மாமியாரின் பயமும் நியாயமானதுதான். வாசல் விளக்கை விட்டுவிட வேண்டியதில்லை. வாசலுக்கு வரும் மின்சாரத்தை மட்டும் மாற்றினால் போதும்.

சீரியல் செட்டில் இருப்பது மிளகு அளவுப் பல்பு. அதனால், அதில் ஓடும் மின்சாரமும் சின்னதுதான் என்று பலர் நினைத்துக்கொள்கிறார்கள். ஒவ்வொரு எல்.இ.டி பல்புக்கும் சுமார் 3 வோல்ட்தான் தேவை என்பது உண்மை. ஆனால், விலை மலிவான செட்கள் பெரும்பாலானவற்றில் மின்சாரத்தைக் குறைத்துக் கொடுக்கும் டிரான்ஸ்ஃபார்மர் கிடையாது. பல பல்புகளை வரிசையாகக் கோத்து, நேரடியாக 230 வோல்ட்டில் சொருகிவிடுகிறார்கள். வயரின் தோல் எங்காவது உரிந்திருந்தால், அந்த இடத்தில் கை வைப்பதும் பிளக் பாயின்டில் விரல் வைப்பதும் ஒன்றுதான்.

‘ஷாக் அடித்தால் டிரிப்பர் விழுந்துவிடும்’ என்பது இன்னொரு தவறான நம்பிக்கை. வீடுகளில் இருக்கும் சாதாரண எம்.சி.பி, வயர் சூடாகி எரிந்துவிடாமல் காப்பதற்கானது. 6 ஆம்பியர் எம்.சி.பி என்றால், அதற்கு மேல் மின்சாரம் இழுத்தால்தான் விழும். ஒரு மனிதரின் உடலில் 30 மில்லி ஆம்பியர், அதாவது அந்த 6 ஆம்பியரில் இருநூறில் ஒரு பங்கு பாய்ந்தாலே மூச்சுத் தசைகள் இறுகவும், இதயத்துடிப்பு தடுமாறவும் வாய்ப்பு இருக்கிறது. ஒரு 9 வாட்ஸ் பல்பு இழுக்கும் மின்சாரமே இதைவிட அதிகம். ஆள் துடித்துக்கொண்டிருந்தாலும் எம்.சி.பி பேசாமல் இருக்கும்.

இதில் டிசம்பர் மழையும் சேர்ந்துகொள்கிறது. தென்மாவட்டங்களில் கிறிஸ்துமஸ் சமயத்தில் வடகிழக்குப் பருவமழை முழுதாக ஓய்ந்திருக்காது. 2023-ம் ஆண்டு காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 94 சென்டிமீட்டருக்கு மேல் மழை கொட்டியது டிசம்பர் 17, 18 தேதிகளில்தான். அப்போது கிறிஸ்துமஸுக்கு ஒரு வாரம்தான் இருந்தது. மழை இல்லாத இரவுகளிலும் பனி இறங்கி வயரை நனைக்கும். ஆகவே, நனையும் என்று வைத்துக்கொண்டே செய்வதுதான் புத்திசாலித்தனம்.

தெளிப்பான் பேட்டரியே போதும்!

பூச்சிமருந்து அடிக்கும் பேட்டரி ஸ்பிரேயர் இன்று பல விவசாயிகளின் வீடுகளில் இருக்கிறது. அதற்குள் இருப்பது பெரும்பாலும் 12 வோல்ட், 8 ஆம்பியர்-ஹவர் பேட்டரி. 12 வோல்ட்டில் எரியும் விளக்கின் வயரை ஈரக்கையால் தொட்டாலும் உயிருக்கு ஆபத்தான ஷாக் அடிக்காது. குழந்தைகள் இழுத்தாலும், வயர் அறுந்து தண்ணீரில் விழுந்தாலும் பயமில்லை.

பேட்டரியை வீட்டுக்குள் கொண்டுவரும் முன் ஒரு வேலை உண்டு. ஸ்பிரேயரில் மருந்து படிந்திருக்கும். கையுறை போட்டுக்கொண்டு பேட்டரியை மட்டும் கழற்றி, சோப்புத் தண்ணீரில் பிழிந்த துணியால் வெளிப்பக்கத்தை நன்றாகத் துடைத்து, உலரவிட வேண்டும். ஸ்பிரேயரை முழுசாக வாசலில் கொண்டுவந்து வைக்கக் கூடாது. பிள்ளைகள் அதைத் தொடுவார்கள்.

தேவையான பொருள்கள்

* 38 அங்குல நீள மூங்கில் பிளாச்சு – 10
* 8 அங்குல நீள மூங்கில் குச்சி – 5
* நைலான் நூல், தைக்கும் ஊசி
* பழைய மெல்லிய நைலான் அல்லது பாலியஸ்டர் புடவை – ஒன்று
* சிலிக்கான் பூச்சு உள்ள 12 வோல்ட் எல்.இ.டி ஸ்ட்ரிப் – 1 மீட்டர்
* ஒரு அடி நீள, 1 அங்குல பி.வி.சி குழாய்த் துண்டு. சொட்டுநீர் அமைத்தபோது மிஞ்சியதே போதும்
* சிவப்பு, கறுப்பு நிறத்தில் 1 சதுர மில்லிமீட்டர் செம்புக் கம்பி வயர் – தேவையான நீளம்
* 2 ஆம்பியர் ஃபியூஸ், அதற்கான ஹோல்டர், ஒரு சிறிய சுவிட்ச்

நட்சத்திரக் கூடு கட்டும் முறை

பிளாச்சு அரை அங்குல அகலத்தில், வளைத்தால் ஒடியாமல் வளைந்துகொடுக்கும் பருமனில் இருக்க வேண்டும். சவுக்குக் குச்சி இதற்குச் சரிவராது. அது வளையாது, கனமும் கூடும். வெட்டிய மூங்கிலை ஒரு வாரம் தண்ணீரில் ஊறப்போட்டு, நிழலில் காயவைத்துப் பிறகு பிளந்தால் வண்டு துளைப்பது குறையும். கூடு சில ஆண்டுகளுக்கு வரும்.

1. ஒவ்வொரு பிளாச்சிலும் இரு முனைகளில் இருந்தும் 1 அங்குலம் விட்டுக் கோடு போட வேண்டும். முனைகளைக் கட்டும் இடம் அது. பிறகு, இரு முனைகளில் இருந்தும் 14¾ அங்குலத்தில் இன்னொரு கோடு. பிளாச்சுகள் ஒன்றையொன்று குறுக்கே வெட்டும் இடம் இது.

2. பென்சிலை எடுக்காமல் குழந்தைகள் நட்சத்திரம் வரைவார்களே, அதே வரிசையில் ஐந்து பிளாச்சுகளைத் தரையில் பரப்பி, முனையோடு முனையைக் கட்ட வேண்டும். குறுக்கே வரும் இடங்களில் ஒன்று மேலே, அடுத்தது கீழே என்று பாய் பின்னுவதுபோல மாற்றிக் கொடுத்தால் கூடு ஆடாது.

3. கட்டிய பின் பக்கத்துப் பக்கத்து முனைகளுக்கு இடையே அளந்து பார்க்க வேண்டும். ஐந்து இடங்களிலும் ஏறத்தாழ 22¼ அங்குலம் வந்தால் நட்சத்திரம் கோணாமல் வந்திருக்கிறது என்று அர்த்தம். பிறகு, குறுக்கே வெட்டும் ஐந்து இடங்களையும் நூலால் இறுக்கிக் கட்டலாம். இதேபோல இன்னொரு நட்சத்திரம் கட்ட வேண்டும்.

4. இரண்டையும் ஒன்றன்மேல் ஒன்றாக வைத்து, ஐந்து முனைகளையும் சேர்த்துக் கட்ட வேண்டும். நடுவில் உள்ள ஐந்து சந்திப்புகளிலும் 8 அங்குலக் குச்சிகளை முட்டுக் கொடுத்து நிறுத்திக் கட்டினால், பிளாச்சுகள் வளைந்து, நட்சத்திரம் இருபுறமும் புடைத்துக்கொள்ளும். முட்டுக் கொடுக்கும்போது ஒருவர் பிடித்துக்கொள்ள, இன்னொருவர் கட்டுவது நல்லது.

மழைக்குத் தாங்கும் உறை

காகிதமும் மாவுப் பசையும் மழைக்கு நிற்காது. வெள்ளைப் பசையும் ஈரத்தில் இளகிவிடும். பழைய மெல்லிய புடவையே இதற்கு ஏற்றது. வெளிர் மஞ்சள், வெள்ளை, ரோஜா நிறம் என்றால் வெளிச்சம் நன்றாக ஊடுருவும். கரும்பச்சை, கருநீலம் வெளிச்சத்தை விழுங்கிவிடும். துணியைப் பிளாச்சின் மேல் மடித்து, ஊசிநூலால் தைக்க வேண்டும். முன்பக்கத்துக்கு ஒரே துண்டு, பக்கவாட்டுக்கு 8 அங்குல அடிப்பாகம் உள்ள பத்து முக்கோணங்கள், பின்பக்கத்தில் ஐந்து கரங்களுக்கு மட்டும் ஐந்து துண்டுகள்.

பின்பக்கத்தில் நடுவில் உள்ள ஐங்கோணத்தை மூடாமல் விட்டுவிட வேண்டும். விளக்கை உள்ளே வைக்க வழி அதுதான். காற்றும் அதன் வழியே வெளியேறுவதால், நட்சத்திரம் பட்டம்போல இழுக்காது. கீழ்நோக்கி இருக்கும் இரண்டு முனைகளிலும் விரல் நுழையும் அளவுக்குத் துளை விட்டால், உள்ளே போகும் தண்ணீர் வடிந்துவிடும்.

இந்த உறைக்குள் எக்காரணம் கொண்டும் பழைய குண்டு பல்பு போடக் கூடாது. 60 வாட்ஸ் குண்டு பல்பின் சூட்டில் துணி உருகி, தீயே பிடித்துவிடும்.

விளக்கு பொருத்துதல்

நட்ட நடுவில் ஒரே பல்பைத் தொங்கவிட்டால், வயிற்றுப் பகுதி மட்டும் பளிச்சென்று இருக்கும். முனைகள் இருண்டுவிடும். எல்.இ.டி ஸ்ட்ரிப்பை பி.வி.சி குழாய்த் துண்டின் மேல் கயிறு சுற்றுவதுபோலச் சுற்றினால் எல்லாப் பக்கமும் வெளிச்சம் பரவும். ஸ்ட்ரிப்பின் ஒட்டும் பசையை நம்பக் கூடாது. ஈரத்தில் கழன்றுவிடும். மூன்று இடங்களில் நூலால் கட்ட வேண்டும். ஸ்ட்ரிப்பை வெட்டுவதாக இருந்தால், வெட்டுக்குறி போட்டிருக்கும் இடத்தில் மட்டும்தான் வெட்ட வேண்டும். வெட்டிய முனையை சிலிக்கான் பசையால் மூடிவிட வேண்டும்.

சிவப்பு வயர் பாசிட்டிவுக்கு, கறுப்பு வயர் நெகட்டிவுக்கு. மாற்றிக் கொடுத்தால் எரியாது. பேட்டரியின் பாசிட்டிவ் முனையை ஒட்டியே ஃபியூஸைப் போட வேண்டும். 12 வோல்ட் ஷாக் அடிக்காவிட்டாலும், இரண்டு வயர்களும் உரசிக்கொண்டால் பேட்டரி முழு வேகத்தில் மின்சாரத்தைத் தள்ளும். வயர் பழுத்துத் தீப்பிடிக்கலாம். ஃபியூஸ் இருந்தால் அது மட்டும் போய், மற்றவை தப்பிக்கும்.

நட்சத்திரத்தின் கனத்தை நைலான் கயிறுதான் தாங்க வேண்டும், வயர் அல்ல. மேல் முனையில் ஒரு கயிறு, சுழலாமல் இருக்கக் கீழே ஒரு கயிறு. வயரை ஒரு முறை கீழே தொங்கவிட்டு, பிறகு மேலேற்றி வீட்டுக்குள் கொண்டுபோனால், வயர் வழியாக வரும் மழைத்தண்ணீர் அந்த வளைவிலேயே சொட்டிவிடும். பேட்டரி நனையாத இடத்தில், திண்ணையிலோ ஜன்னலுக்கு உள்ளேயோ இருக்கட்டும்.

எத்தனை மணி நேரம் எரியும்?

மீட்டருக்கு 60 பல்புகள் உள்ள சாதாரண ஸ்ட்ரிப், மணிக்கு 4.8 வாட்ஸ்-ஹவர் எடுத்துக்கொள்ளும். 12 வோல்ட், 8 ஆம்பியர்-ஹவர் பேட்டரியில் இருப்பது 96 வாட்ஸ்-ஹவர். இதில் பாதிக்குமேல் இறக்கினால் பேட்டரியின் ஆயுள் குறையும் என்பதால், 48 வாட்ஸ்-ஹவர் என்று கணக்கு வைத்தால் 10 மணி நேரம் எரியும். மாலை 6 மணி முதல் இரவு 10 மணி வரை என்றால் இரண்டு இரவுகள் தாராளமாக வரும். கடையில் 14.4 வாட்ஸ் ஸ்ட்ரிப்பும் இருக்கும். அதை வாங்கினால் மூன்று மணி நேரத்தில் பேட்டரி பாதியாகிவிடும். ஆகவே, வாங்கும்போது வாட்ஸ் கேட்டு வாங்க வேண்டும். பழைய பேட்டரி என்றால் நேரம் இன்னும் குறையும். வெளிச்சம் மங்கத் தொடங்கியதும் அணைத்துவிடுவது நல்லது.

சார்ஜ் ஏற்றும்போது நட்சத்திரத்தின் வயரைக் கட்டாயம் கழற்றிவிட வேண்டும். சார்ஜர் 230 வோல்ட்டில் சொருகப்படுவது. அது பழுதானால், வெளியே தொங்கும் வயருக்கும் அந்த மின்சாரம் வந்துவிடக்கூடும். அதேபோல, இரவு விளக்கு எரித்துவிட்டு, விடிந்ததும் பிசான நெல்லுக்கு மருந்து அடிக்கலாம் என்றால் பாதித் தெளிப்பில் ஸ்பிரேயர் நின்றுவிடும். தெளிக்கும் நாளுக்கு முந்தைய இரவு பேட்டரிக்கு ஓய்வு கொடுத்து, சார்ஜ் போட்டுவிட வேண்டும்.

---

கேள்வி: “எங்களிடம் பேட்டரி ஸ்பிரேயர் இல்லை. வீட்டு மின்சாரத்தில்தான் போட்டாக வேண்டும். என்னென்ன கவனிக்க வேண்டும்?”

*– ஒரு வாசகர், வடக்கன்குளம், திருநெல்வேலி மாவட்டம்.*

பதில்: முதல் யோசனை, 230 வோல்ட்டை 12 வோல்ட்டாகக் குறைத்துத் தரும் தரமான அடாப்டர் வாங்குவது. பி.ஐ.எஸ் முத்திரை பார்த்து வாங்கி, அடாப்டரை வீட்டுக்குள்ளேயே சொருகி, 12 வோல்ட் வயரை மட்டும் வெளியே கொண்டுவர வேண்டும். மேலே சொன்ன அதே நட்சத்திரம், அதே ஸ்ட்ரிப் இதற்கும் பொருந்தும்.

230 வோல்ட் பல்புதான் என்றால் கீழ்க்கண்டவற்றை விடாமல் செய்ய வேண்டும்.

* 30 மில்லி ஆம்பியர் ஆர்.சி.சி.பி இருக்கும் இணைப்பில் இருந்து மட்டுமே எடுக்க வேண்டும். உடல் வழியாக மின்சாரம் பூமிக்குக் கசிந்தால், கண்ணிமைக்கும் நேரத்தில் இணைப்பைத் துண்டிப்பது இதுதான். அதில் உள்ள ‘டெஸ்ட்’ பொத்தானை மாதம் ஒரு முறை அழுத்தி, விழுகிறதா என்று பார்க்க வேண்டும். விழவில்லை என்றால் அது இருந்தும் இல்லாததுதான். ஒரு கையில் பேஸ், மறு கையில் நியூட்ரல் என இரண்டையும் ஒருசேரத் தொட்டுவிட்டால் ஆர்.சி.சி.பி-யும் காப்பாற்றாது என்பதையும் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்.
* வெளியே செல்லும் வயரில் ஒட்டே இருக்கக் கூடாது. முறுக்கி, டேப் சுற்றிய ஒட்டு, மழையில் நனைந்தால் பிரிந்துவிடும். ஒரே நீளமாக, மூன்று வயர்கள் உள்ள உருண்டை கேபிள் வாங்க வேண்டும்.
* ஹோல்டர் கீழ்நோக்கி இருக்க வேண்டும். மேல்நோக்கி இருந்தால் தண்ணீர் தேங்கும்.
* தகரக் கூரை, இரும்புக் கேட், துணி காயப்போடும் கொடிக்கம்பி ஆகியவற்றின் மேல் வயர் போகவே கூடாது. உரசி உரசித் தோல் போய்விட்டால், அந்த இரும்பு முழுவதிலும் மின்சாரம் ஏறி நிற்கும். சாத்தான்குளம் வாசகியின் மகளுக்குத் திண்ணைக் கம்பியில் ஷாக் அடித்ததற்கும் இப்படிப்பட்ட கசிவே காரணமாக இருக்கலாம். அந்த செட்டை மறுபடியும் சொருகாமல் தூக்கிப்போட்டுவிடுவது நல்லது.
* பல்பு மாற்றும்போது சுவிட்சை அணைத்தால் மட்டும் போதாது. இரண்டு முள் பிளக்கை எப்படித் திருப்பியும் சொருகலாம் என்பதால், சுவிட்ச் அணைந்திருந்தாலும் வயரில் மின்சாரம் இருக்க வாய்ப்பு உண்டு. பிளக்கையே பிடுங்கிவிட வேண்டும்.
* மின்கம்பத்திலோ ஸ்டே கம்பியிலோ நட்சத்திரத்தைக் கட்டக் கூடாது. மேலே மின்கம்பி போகும் இடத்தில் அலுமினிய ஏணியையோ ஈரமான மூங்கிலையோ நிமிர்த்தக் கூடாது. கம்பி அறுந்து கிடந்தால் அருகில் போகாமல், மின்வாரியத்தின் ‘மின்னகம்’ எண் 94987 94987-க்குச் சொல்லலாம்.

யாருக்காவது ஷாக் அடித்தால், அவரைத் தொட்டு இழுக்கக் கூடாது. முதலில் மெயினை அணைக்க வேண்டும். முடியாவிட்டால், காய்ந்த மரக்கட்டையால் வயரைத் தள்ளிவிட வேண்டும். பேச்சு மூச்சு இல்லை என்றால், 108-க்கு ஒருவர் போன் செய்ய, இன்னொருவர் நெஞ்சின் நடுவில் இரு கைகளையும் வைத்து, சுமார் 2 அங்குலம் இறங்கும்படி, நிமிடத்துக்கு 100 முதல் 120 முறை விடாமல் அழுத்த வேண்டும். ஆம்புலன்ஸ் வரும்வரை நிறுத்தக் கூடாது.

---

கேள்வி: “மாட்டுத் தொழுவத்திலும் நட்சத்திரம் போடலாமா? அங்கே குடில் வைப்பது எங்கள் வீட்டு வழக்கம்.”

*– ஒரு வாசகி, முளகுமூடு, கன்னியாகுமரி மாவட்டம்.*

பதில்: 12 வோல்ட் என்றால் போடலாம். 230 வோல்ட் வயரைத் தொழுவத்துக்குள் கொண்டுபோவதைத் தவிர்ப்பதே நல்லது. மாட்டின் முன்னங்காலுக்கும் பின்னங்காலுக்கும் இடைவெளி அதிகம். ஈரத்தரையில் மின்சாரம் கசிந்தால், ஒரு கால் வழியாக ஏறி, நெஞ்சைக் கடந்து, மறு கால் வழியாக இறங்கும. செருப்பில்லாத ஈரக் குளம்பு வேறு. மனிதருக்கு லேசாகச் ‘சுர்’ என்று தெரியும் கசிவே மாட்டைச் சாய்த்துவிடலாம். மாடு, ஆடு, எலி எல்லாமே வயரைக் கடிக்கும் என்பதால், 12 வோல்ட் வயரையும் எட்டாத உயரத்தில், பி.வி.சி குழாய்க்குள் கொண்டுபோக வேண்டும். குடிலில் பரப்பிய வைக்கோலுக்கும் விளக்குக்கும் இடையே ஓர் அடியாவது இடைவெளி வேண்டும். அங்கே மெழுகுவத்தி வேண்டவே வேண்டாம்.

---

கேள்வி: “கிணற்று மோட்டார் இணைப்பில் இருந்து, தோட்டத்து வீட்டு வாசலுக்கு ஒரு வயர் இழுத்துப் பத்து நாள் விளக்குப் போட்டால் தவறா?”

*– பெயர் வெளியிட விரும்பாத வாசகர்.*

பதில்: தவறுதான். விவசாய இணைப்பின் இலவச மின்சாரம் பாசனத்துக்கானது. அனுமதித்த பயன்பாட்டைத் தவிர வேறு வேலைக்கு எடுத்தால், மின்சாரச் சட்டம் 2003-ன் 126-வது பிரிவின்படி, உரிய கட்டணத்தைப்போல இரண்டு மடங்கு விதிக்கலாம். கம்பத்தில் கொக்கி போட்டால் அது 135-வது பிரிவின்படி மின்திருட்டு. மூன்று ஆண்டுகள் வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும் கிடைக்கலாம்.

இத்தனைக்கும் மிச்சமாகும் காசு எவ்வளவு? 9 வாட்ஸ் பல்பு தினமும் 6 மணி நேரம், 30 நாள்கள் எரிந்தாலும் ஆகும் செலவு 1.6 யூனிட்தான். அதோடு, மோட்டார் இணைப்பில் இருந்து வரப்பு மேல் இழுத்த வயரில், இருட்டில் தண்ணீர் கட்ட வருகிறவர் கால் வைத்துவிட்டால் யார் பதில் சொல்வது? தோட்டத்து வீட்டுக்குப் பேட்டரிதான் பொருத்தம். வெயில் அடிக்கும் இடம் என்றால் 20 வாட்ஸ் சோலார் பேனலும் ஒரு சார்ஜ் கன்ட்ரோலரும் சேர்த்துக்கொள்ளலாம். நான்கு மணி நேரம் நல்ல வெயில் கிடைத்தாலே அன்றிரவு விளக்குக்குத் தேவையான அளவு ஏறிவிடும். மழை மூட்டமான நாளில் மட்டும் வீட்டில் சார்ஜ் போட்டால் போதும்.

ஜனவரியில் நட்சத்திரத்தை இறக்கியதும், விளக்கைத் தனியே எடுத்து, துணியுறையைத் துவைத்துக் காயவைத்து, கூட்டைப் பரணில் கட்டித் தொங்கவிட வேண்டும். தரையில் போட்டால் கறையான் பிடிக்கும். பேட்டரியை முழுவதுமாகச் சார்ஜ் ஏற்றி, மறுபடி ஸ்பிரேயரில் பொருத்திவிட வேண்டும். காலியாக வைத்த பேட்டரி, தை மாதத்தில் மருந்து அடிக்கப் போகும்போது கைகொடுக்காது.